கக்கத்துச் சூடு

கெர்மா முகட்டில் ஒரு பெண்ணைப் பிடித்து, "உனக்கு யார் துணை?" என்று கேட்டால் அவள் புருஷன் பேரைச் சொல்ல மாட்டாள். கக்கத்துக்காரியின் பேரைத்தான் சொல்வாள். ஓர்லேத்தைக் கேட்டிருந்தால், பதினேழு வயதிலிருந்து முப்பத்தொன்பது வயதுவரை ஒரே பேரைத்தான் சொல்லியிருப்பாள். சிம்ரு.

ஐலு எடுக்கிறவர்கள் இரண்டிரண்டு பேராகத்தான் மலையேற வேண்டும். தனியாகப் போனவள் கையோடு திரும்பியதில்லை. கறுத்த பாறையின் அடிவயிற்றில், வெயில் எட்டிப்பார்க்காத இடுக்குகளில், நீலப் பாசி மாதிரி ஒட்டிக் கிடக்கும் அது. இரும்பு பட்டால் பொடியாகிப் பறந்துவிடும். தோலுறை போட்ட கை பட்டாலும் அப்படித்தான். வெறும் விரலின் சூட்டுக்கு மட்டும் மசிந்து கொடுக்கும். மசிந்து கொடுக்கிற சாக்கில் அந்தச் சூட்டையே குடித்துவிடும். முப்பது எண்ணுவதற்குள் விரல் விறகுக்கட்டை.

அப்போது துணைக்காரி தன் மேலங்கியின் கக்கத்துக் கிழிசலைத் திறந்துவிட வேண்டும். அதற்கென்றே விட்டுத் தைத்த கிழிசல் அது, எலும்புப் பொத்தான் போட்டது. இரண்டு கக்கத்துக்கும் இரண்டு. கை உள்ளே போகும், கொஞ்ச நேரத்தில் உயிர் திரும்பும். பிறகு அவள் கிள்ளுவாள், இவள் கக்கம் கொடுப்பாள். ஒரு நாளைக்கு நாற்பது தடவை, ஐம்பது தடவை.

"பெத்தவகூட என்னை இத்தனை தடவை அணைச்சதில்லடி" என்பாள் சிம்ரு, கயிற்றில் தொங்கிக்கொண்டே. "உன் கைக்கு மட்டும் வாய் இருந்துச்சுன்னா என் ரகசியமெல்லாம் ஊருக்கே தெரிஞ்சிடும்."

"என்ன பெரிய ரகசியம்? வருஷத்துக்கு ரெண்டு தடவைதான் குளிக்கிறேங்கிறதா?"

"மூணு தடவைடி, நாசமாப் போறவளே! என் மக ஈவி கல்யாணத்துக்குக் குளிச்சதை விட்டுட்டியே!"

கீழே ஆயிரம் அடிப் பள்ளம். மேலே இந்தச் சிரிப்பு. அப்படி இருந்தார்கள் கண்ணுகளா, இரண்டு பேரும்.

முகட்டில் வசவுக்குப் பஞ்சமில்லை. ஆட்டைத் திட்டுகிற வாயால் மாமியாரையும் திட்டுவார்கள், மறுநாள் ஒரே சட்டியில் கூழ் குடிப்பார்கள். ஆனால் ஒரு சொல்லை மட்டும் விளையாட்டுக்கும் யாரும் சொல்வதில்லை. 'உன் கக்கம் குளிருது.' செத்தவளின் கக்கம்தானே குளிரும்? உயிரோடு இருக்கிறவளைப் பார்த்து அதைச் சொன்னால், நீ எனக்குச் செத்துப்போனவள் என்று அர்த்தம். சொன்ன அன்றோடு துணை அறுந்தது. சொன்னவளுக்கும் கேட்டவளுக்கும் அதற்குப் பிறகு வேறு துணை கிடைக்காது. அதனால் பிரசவத்தில் சாகப்போகிற துணைக்காரியிடம்கூட, "சூடாத்தான்டி இருக்கு" என்றே சொல்வார்கள்.

அந்த வருஷம் ஓர்லேத்துக்கு ஐலு வேண்டியிருந்தது. அவள் புருஷன் பெர்க்கன் போன வசந்தத்தில் பனிச்சரிவில் மாட்டி ஒரு பகல் முழுக்கப் புதைந்து கிடந்தான். தோண்டி எடுத்தார்கள். ஆனால் உறைவு அவனுக்குள் புகுந்துகொண்டது. கோடையில் கணுக்காலில் இருந்தது, இலை உதிர்ந்தபோது முழங்காலுக்கு வந்தது, பனி விழுந்தபோது இடுப்பில் நின்றது. நெஞ்சைத் தொட்டால் கதை முடிந்தது. அதற்கு மருந்து ஒன்றே ஒன்றுதான். கட்டைவிரல் நகத்தளவு ஐலுவை ஒரு பகல் முழுக்க அடுப்பு நெருப்பில் போட்டால் சூட்டைக் குடித்துக் குடித்துச் சிவந்துவிடும். சிவந்ததை உறைந்தவன் நாக்கின் கீழே வைத்தால் குடித்த சூட்டையெல்லாம் கொடுத்துவிடும். தன்னைவிடச் சூடானதிடம் வாங்கும், தன்னைவிடக் குளிர்ந்ததுக்குக் கொடுக்கும். அதன் குணம் அது.

ஐலு எல்லாமே மலை மன்றத்துக்குச் சொந்தம். ஆண்டில் பத்தொன்பது நாள்தான் எடுக்க விடுவார்கள். ஒவ்வொரு ஜோடிக்கும் ஒரு கொம்புச் சிமிழ் உண்டு. அதன் உள்பக்கம் ஒரு வளையம் செதுக்கியிருக்கும். கடைசி நாள் அந்தி சாய்வதற்குள் வளையம்வரை நிறைந்தால் ஜோடிக்கு ஒரு நகத்தளவு பங்கு. நிறையாவிட்டால் ஒன்றுமில்லை. நடுவில் துணை அறுந்தாலும் ஒன்றுமில்லை, சிமிழ் மன்றத்துக்குப் போய்விடும். போன வருஷப் பங்கு சிம்ருவுக்குப் போனது. அவள் மகள் ஈவியின் பாதம் உறைந்திருந்தது. அந்த வருஷம் ஓர்லேத் காய்ச்சலோடு மலையேறினாள், ஈவி குணமாகிச் சமவெளிப் பக்கம் வாழ்க்கைப்பட்டுப் போனாள். இந்த வருஷப் பங்கு ஓர்லேத்துக்கு. அதைப் பேசி முடிவுசெய்யக்கூட வேண்டியிருக்கவில்லை.

"உன் புருஷனை எழுப்பி நடக்க வைக்கிறேன் பாரு" என்றாள் சிம்ரு முதல் நாள். "அந்த மனுசன் ஆடாம என் மகளோட பிள்ளைக்குப் பேர் வைக்கிறதா?"

முதல் நான்கு நாள் நன்றாகத்தான் போயிற்று. ஐந்தாம் நாள் சிம்ரு, "வலப்பக்கப் பொத்தான் பிஞ்சிடுச்சுடி, காத்து புகுதுன்னு தச்சுட்டேன். இனிமே இடப்பக்கமே வச்சுக்கோ" என்றாள். ஓர்லேத் தலையை ஆட்டினாள். பொத்தான் பிய்வது உண்டுதான்.

எட்டாம் நாள் கையை உள்ளே வைத்தபோது விரலுக்குச் சுரணை வரவில்லை. அறுபது எண்ணினாள். நூறு எண்ணினாள். உள்ளே வைத்த கை, குளத்தில் விட்டதுபோல் கிடந்தது.

இங்கேதான் முகட்டுக்காரி ஒருத்தி மட்டுமே செய்யக்கூடிய தப்பை அவள் செய்தாள். வேற்றூர்க்காரியாக இருந்தால், "என்னடி, உன் உடம்பு இப்படிச் சில்லிட்டுக் கிடக்கு?" என்று கேட்டிருப்பாள். ஓர்லேத்தின் வாயில் அந்தக் கேள்வி பிறக்கவே இல்லை. கக்கம் குளிராது. உயிரோடு இருப்பவளின் கக்கம் குளிர்வதாவது! அப்படியென்றால் கைதான் கெட்டுவிட்டது. என் கைக்கு வயசாகிவிட்டது, சூட்டை வாங்கிக்கொள்ளத் தெரியவில்லை. இப்படி நினைத்தாள்.

"சூடு ஏறுதாடி?" என்று கேட்டாள் சிம்ரு.

"ஏறுது, ஏறுது" என்றாள் ஓர்லேத்.

கை கெட்டதால்தான் சிமிழும் நிறையவில்லை என்று அதையும் தன் தலையில் போட்டுக்கொண்டாள். முப்பது எண்ணும் இடத்தில் நாற்பது எண்ணிக் கிள்ளினாள். பிறகு ஐம்பது. பன்னிரண்டாம் நாள் இடது சுண்டுவிரல் கறுத்தது. பதினான்காம் நாள் அது தன்னுடையதாகவே இல்லை.

மலையடி வாசலைக் காக்கிற துங்ரா அக்காதான் அந்த விரலை மரக்கட்டையின்மேல் வைத்து ஒரே தட்டில் எடுத்துவிட்டாள். அந்த வாசலில் முப்பது வருஷம் நின்ற மனுஷி. மலையிறங்கும் ஒவ்வொருத்தியின் தலைமுடி, வாய், காலணி எல்லாம் தடவிப் பார்த்துத்தான் வெளியே விடுவாள். கக்கத்தை மட்டும் தொட மாட்டாள். துணைக்காரி கையைத் தவிர வேறு கை அங்கே போகக்கூடாது, மன்றத்தின் கையானாலும்.

"ஒண்ணு போனா என்ன, ஒன்பது இருக்குடி" என்றாள் துங்ரா அக்கா, துணி சுற்றிக்கொண்டே. "நான் எட்டோட முப்பது வருஷம் ஊரையே தடவுறேன்."

சிம்ரு ஓர்லேத்தின் தலையைத் தன் மடியில் வைத்து அமுக்கிப் பிடித்திருந்தாள். அவள் அழுத அழுகையில் ஓர்லேத்தின் நெற்றியெல்லாம் நனைந்தது. "வேணாம்டி, விட்டுடுடி, இத்தோட விட்டுடலாம்டி" என்று அழுதாள். அந்த அழுகை பொய்யில்லை. பிற்பாடு ஓர்லேத்தை வதைத்தது அதுதான். பொய்யாக அழுதிருந்தால் மறந்திருப்பாள்.

பத்தொன்பதாம் நாள் காலை, வெளுத்துவரும்போது, ஓர்லேத் பெர்க்கனுக்கு ஆட்டுக்கொழுப்புக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். கரண்டி அவள் கையில் நிற்கவில்லை. பாதி கஞ்சி அவன் தாடியில் வழிந்தது.

"எனக்கு வாய் மேல இருக்கு மனுசி, கழுத்துல இல்ல" என்றான் அவன். பிறகு அவள் கையைப் பார்த்தான். "கொண்டா இங்க. என் கக்கத்துல வை."

"சீ! வெட்கம் கெட்ட மனுசா! சிம்ரு கேட்டா என்ன நினைப்பா?"

"அவகிட்ட யாரு சொல்லப்போறா? கீழ்ப்பாதி கல்லாப்போனவன்கிட்ட வெட்கத்தை எங்க தேடுவ? கொண்டா."

புருஷன் கக்கத்தில் கை வைப்பது முகட்டில் வழக்கமில்லை. ஆனாலும் அவள் வைத்தாள், பாவம், அவ்வளவு வலி. வைத்ததும் முதலில் ஒன்றும் தெரியவில்லை. பிறகு விரல் நுனியில் எறும்பு ஊர்ந்தது. எறும்பு ஊசியானது. ஊசி நெருப்பானது. நான்கு விரலும் உயிர் வந்து துடிதுடித்தன. பத்து நாளாகச் செத்துக் கிடந்த விரல்கள்.

கை கெடவில்லை.

இடுப்புவரை உறைந்து கிடக்கிறவனின் உடம்பில் இத்தனை சூடு இருக்கிறது. மலையேறி இறங்கி, மூன்று வேளை தின்று, வாய் ஓயாமல் பேசுகிறவளின் உடம்பில் இல்லை. ஒரு மனுஷியின் சூட்டைப் பகலும் இரவும் குடிக்கக்கூடியது உலகத்தில் ஒன்றே ஒன்றுதான். பாறையைவிட்டு எடுத்த ஐலு கொம்புச் சிமிழில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் உயிருள்ள உடம்போடு ஒட்டி இருக்க வேண்டும். நெருப்பில் போட்டால் சிவந்துவிடும், வேறெங்கே வைத்தாலும் புகைந்து போய்விடும். பெட்டியில் ஒளிக்க முடியாது. பனியில் புதைக்க முடியாது. வலப்பக்கப் பொத்தான். தைத்த கிழிசல்.

"என்னடி, அழுவுற?" என்றான் பெர்க்கன்.

"உன் கக்கம் நாறுது."

"பின்ன, அங்க பூவா பூக்கும்?"

அவள் கையை எடுக்கவே இல்லை. வெயில் கூரைக்கு வரும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

அன்று மலையில் ஓர்லேத் ஒரு வார்த்தையும் தப்பிப் பேசவில்லை. பேசினால் துணை அறும். துணை அறுந்தால் சிமிழ் போகும். சிமிழ் போனால் பெர்க்கன் போவான். கிள்ளினாள், இடப்பக்கக் கக்கத்தில் கை வைத்தாள், எடுத்தாள். சிம்ருவின் உதடு நீலமாயிருந்ததை அன்றுதான் கவனித்துப் பார்த்தாள். அவளும்தான் செத்துக்கொண்டிருந்தாள், கொஞ்சம் கொஞ்சமாக.

உச்சிவேளையில் ஒரு வாய்ப்புக் கொடுத்துப் பார்த்தாள்.

"சிம்ரு, வளையத்துக்கு ரெண்டு விரல்கடை குறையுது. இன்னிக்கு அரை விரல்கடைகூட ஏறாது."

"என்னடி செய்ய? நம்ம தலையெழுத்து."

"என்கிட்ட ஏதாவது சொல்லணுமாடி உனக்கு? எதுவா இருந்தாலும் சொல்லு. கோவிச்சுக்க மாட்டேன்."

சிம்ரு கயிற்றின் முடிச்சைப் பார்த்தாள். பிறகு இவள் முகத்தைப் பார்த்தாள். "உன்கிட்ட எனக்கு என்னடி மறைப்பு? என் கக்கத்து மேல சத்தியமா ஒண்ணுமில்ல."

அந்தச் சத்தியத்தைக் கேட்டபோது ஓர்லேத்துக்குக் கோபம்கூட வரவில்லை. காலடியில் இருந்த பாறை கழன்று போனால் வருமே ஒரு வெறுமை, அதுதான் வந்தது.

அந்தியில் வாசலில் இருபது ஜோடிகள் வரிசையில் நின்றார்கள். பங்கு வாங்கியவர்கள் சிரித்துக்கொண்டு ஓரமாக நின்று வேடிக்கை பார்த்தார்கள். துங்ரா அக்கா ஓர்லேத்தின் சிமிழைத் தூக்கி, அன்றையதைப் போட்டு, உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"ஏன்டி பொண்ணுகளா, ரெண்டு விரல்கடை குறையுதே! இருபத்திரண்டு வருஷத்துல முதல் தடவைடி. மலைமேல ஐலு எடுத்தீங்களா, பேன் எடுத்தீங்களா?"

யாரோ சிரித்தார்கள். துங்ரா அக்கா சிரிக்கவில்லை. அவளுக்கும் பெர்க்கனைத் தெரியும். சிம்ருவின் தலைமுடியைத் தடவினாள், வாயைத் திறக்கச் சொன்னாள், காலணியை உதறினாள். ஒன்றுமில்லை. "போங்கடி" என்றாள், தாழ்ந்த குரலில்.

"அக்கா, கொஞ்சம் பொறு" என்றாள் ஓர்லேத். "கை விறைச்சுப்போச்சு. சிமிழ் மூடியைப் பிடிக்க முடியல. சிம்ரு, கக்கம் குடு."

சிம்ரு இடப்பக்கப் பொத்தானை அவிழ்த்தாள்.

"அந்தப் பக்கம் வேணாம். வலப்பக்கம் குடு."

"அது... தச்சுல்லடி வச்சிருக்கேன்."

"நான் பிரிச்சுக்கிறேன்."

சுற்றிலும் நாற்பது பெண்கள். துணைக்காரி கக்கம் கேட்டு இல்லையென்று சொன்னவள் முகட்டில் இதுவரை பிறக்கவில்லை. மெதுவாக, மிக மெதுவாக, சிம்ரு வலக்கையைத் தூக்கினாள்.

ஓர்லேத் தையலைப் பல்லால் கடித்துப் பிரித்தாள். கையை உள்ளே விட்டாள். பாறையின் அடிவயிறு மாதிரி இருந்தது அங்கே. நுழைத்ததுமே நான்கு விரலும் மரத்துவிட்டன, எதைத் தொடுகிறோம் என்று தெரியவில்லை. ஆனால் சுண்டுவிரல் இருந்த இடத்தில் ஆறாத புண் இருந்ததே, அது பேசியது. ஓரிடத்தில் சுள்ளென்று கடித்தது. அங்கேதான் இருக்கிறது. உள்ளங்கையால் அள்ளி வெளியே எடுத்தாள்.

ஒரு புறா முட்டை அளவு. சிவப்புக் கம்பளித் துண்டில் சுற்றியிருந்தது. அந்தத் துண்டு ஓர்லேத்துக்குத் தெரியும். பதினேழு வயதில் துணை சேர்ந்த அன்று, அவள் தன் அங்கியின் ஓரத்தைக் கிழித்துச் சிம்ருவின் கையில் கட்டிவிட்டது. ஐலுவைச் சுற்ற வீட்டில் வேறு துணியே கிடைக்கவில்லையா இவளுக்கு? விரலைவிட, பெர்க்கனைவிட, அந்த ஒரு கணம் அதுதான் பெரிதாகப் பட்டது.

துண்டை அவிழ்த்து நீலக் கட்டியைச் சிமிழில் போட்டாள். வளையம் மறைந்தது.

"பிள்ளையைக் கக்கத்துல வச்சுக்கிட்டு ஊரெல்லாம் தேடினாளாம் ஒருத்தி" என்று துங்ரா அக்கா தொடங்கினாள். வாய் பழக்கத்தில் வந்துவிட்டது. பாதியிலேயே அவள் குரல் நின்றது. "இது என்னடி, ஓர்லேத்?"

"என் கை சரியில்லக்கா. சிமிழ்ல போட எட்டாம அப்பப்ப அவகிட்ட குடுத்து வச்சேன். மறந்துட்டேன்."

துங்ரா அக்கா அந்தக் கையைப் பார்த்தாள். அவளே விரலைத் துண்டித்த கை. "மறக்கிற விஷயமாடி இது?"

"மறந்துட்டேன்க்கா."

கக்கத்தைப் பற்றி மூன்றாவது ஆள் ஒரு கேள்விக்குமேல் கேட்கக்கூடாது. துங்ரா அக்கா எலும்புக் கரண்டியால் நகத்தளவு கிள்ளி, சின்னக் கொம்புச் சிமிழில் போட்டு ஓர்லேத்திடம் கொடுத்தாள். சிம்ருவின் பக்கம் திரும்பவே இல்லை. "அடுத்த ஜோடி வாங்கடி" என்றாள்.

ஊருக்குள் போகும் பாதையில் இரண்டு பேரும் பழக்கத்தில் சேர்ந்தே நடந்தார்கள். ஆட்டுப்பட்டியைத் தாண்டியதும் சிம்ரு நின்றாள்.

"ஏன்டி காட்டிக்குடுக்கல?"

"பெர்க்கனுக்குப் பங்கு வேணுமே."

"அதுக்கு மட்டும்தானா?"

அது ஓர்லேத்துக்கே தெரியாது.

"சமவெளிக்காரன் ஒருத்தன் ஐலு கேட்டான்டி" என்றாள் சிம்ரு. நிறுத்தாமல் பேசினாள், நிறுத்தினால் பேச முடியாது என்பதுபோல. "ஈவி வீட்டுக்குப் பக்கத்துல ஒரு வீடு தர்றேன்னான். அங்க பனியே விழாதாம். கதவைத் தெறந்து வச்சே தூங்குவாங்களாம். ஒரே ஒரு குளிர்காலம், ஒண்ணே ஒண்ணு, குளிராம இருந்துட்டுச் சாகணும்னு ஆசைடி. தப்பா?"

"என்கிட்ட கேட்டிருக்கலாமே. அடுத்த வருஷப் பங்கு, அதுக்கடுத்த வருஷப் பங்கு, எல்லாம் எடுத்துக்கன்னு சொல்லியிருப்பேனே."

"அவன் இந்த வருஷம்தான்னான். அப்புறம் உன் புருஷன்..." சிம்ரு பிரிந்த கிழிசலை இழுத்துப் பிடித்துக்கொண்டாள். "அவன் எப்படியும் போயிடுவான்னு நெனச்சேன்டி. பங்கு கிடைச்சாலும் பிழைக்க மாட்டான்னு. போகப்போறவனுக்காக ரெண்டு பேரும் ஏன் வீணாகணும்னு."

"என் விரல்?"

"அன்னைக்கே சொல்லிடணும்னு வாய் வரைக்கும் வந்துச்சுடி. சத்தியமா வந்துச்சு."

"இனிமே சத்தியம் பண்ணாத."

சிம்ரு அவள் கையைப் பிடித்தாள். "இப்பதான் எடுத்துட்டியே. நாளைக்கே சூடு வந்துடும்டி. பழையபடி ஆயிடும். வச்சுப் பாரு, இப்பவே கொஞ்சம் வருது பாரு." சொல்லிக்கொண்டே இடப்பக்கக் கிழிசலைத் திறந்து, அந்த நான்கு விரல் கையைத் தானே இழுத்து உள்ளே வைத்துக்கொண்டாள்.

உண்மையாகவே கொஞ்சம் சூடு வந்திருந்தது. ஓர்லேத்தின் விரலுக்கு அது தெரிந்தது. ஒரு பத்து எண்ணும் நேரம் அங்கேயே வைத்திருந்தாள். இருபத்திரண்டு வருஷத்து இடம் அது.

பிறகு கையை எடுத்து, எலும்புப் பொத்தானைத் தானே போட்டுவிட்டாள்.

"உன் கக்கம் குளிருது, சிம்ரு" என்றாள்.

சத்தமாகச் சொல்லவில்லை. பட்டியில் இருந்த ஆட்டுக்குக்கூடக் கேட்டிருக்காது. சிம்ரு அங்கேயே நின்றாள். ஓர்லேத் சிமிழை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நடந்தாள்.

மறுநாள் பகல் முழுக்க ஐலு அடுப்பில் கிடந்து சிவந்தது. சாயங்காலம் பெர்க்கனின் நாக்கின் கீழே அதை வைத்தாள். விடியும்போது இடுப்பு இளகியது, ஏழாம் நாள் கணுக்கால் அசைந்தது. பனி உருகுமுன் தடி ஊன்றி நடந்தான், நடந்த முதல் நாளே ஆட்டைத் திட்டினான். சிம்ரு சமவெளிக்குப் போனாளா, போகும் வழியில் எங்காவது நின்றுவிட்டாளா, தெரியாது. அவள் வீட்டுக் கதவு திறந்தே கிடந்தது, பனி உள்ளே போய் உட்கார்ந்துகொண்டது. ஓர்லேத் அதற்குப் பிறகு மலையேறவில்லை. யாரோடு ஏறுவாள்?

ஒரு நாள் அவள் ஓடையில் பாத்திரம் கழுவிவிட்டு வந்தாள். கையெல்லாம் சிவந்திருந்தது. வாசலில் உட்கார்ந்திருந்த பெர்க்கன் தன் அங்கியை விலக்கி, கையைத் தூக்கிக் காட்டினான்.

"வா மனுசி. இன்னும் பூ பூக்கல, ஆனா சூடா இருக்கு."

அவள் சிரித்தாள். அவனிடம் போனாள். ஆனால் விரலை உள்ளே வைக்குமுன், ஒரு கணம் நின்று, புறங்கையால் தொட்டுப் பார்த்தாள்.